தண்ணீருக்கு முன் கரையும் பளிங்கு

தண்ணீரில் போட்ட சீனி கரைவதை எல்லோரும் பார்த்திருக்கிறோம். தண்ணீர் ஊற்ற முன்னரே கரைந்துவிடும் பொருளை யாரும் பார்த்ததில்லை. பார்க்கவும் முடியாது, ஏனென்றால் அது ஓர் எழுத்தாளரின் கற்பனையில் மட்டும் இருக்கும் பொருள். பெயர் தையோடிமொலின். இரசாயனவியல் படிக்கும் எமது மகள் சாப்பாட்டு மேசையில் இதைச் சொன்னாள். அதற்குப் பிறகு இரண்டு கிழமையாக நாங்கள் இருவரும் இதைப் பற்றித்தான் கதைக்கிறோம்.

கற்பனை செய்தவர் ஐசாக் அசிமோவ். ரஷ்யாவில் பெத்ரோவிச்சி என்ற ஊரில் பிறந்தவர். 1923 இல், மூன்று வயதுக் குழந்தையாகப் பெற்றோருடன் அமெரிக்காவுக்கு வந்தார். தகப்பனார் புரூக்ளினில் இனிப்புக் கடை நடத்தினார். அந்தக் கடையில் விற்பனைக்கு வந்த விஞ்ஞானக் கதைச் சஞ்சிகைகளை வாசித்து வாசித்தே மகன் எழுத்தாளரானார். கடை வைத்திருக்கும் எம்மவர்களுக்கு, காசுப்பெட்டிக்குப் பின்னால் இருந்து வீட்டுப்பாடம் செய்யும் பிள்ளையை இங்கே நினைக்காமல் இருக்க முடியாது.

1947 இல் அவர் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் கலாநிதிப் பட்டத்துக்கு ஆய்வு செய்துகொண்டிருந்தார். கற்றக்கோல் என்ற வெண்ணிறப் பளிங்கைத் தண்ணீரில் போடும்போது, நீர்ப்பரப்பைத் தொட்டவுடனேயே அது மறைந்துவிடுவதைக் கவனித்தார். இன்னும் கொஞ்சம் வேகமாகக் கரைந்தால் தொடுவதற்கு முன்னரே கரைந்துவிடுமே என்று ஒரு நினைப்பு வந்தது. ஆய்வேட்டின் வறண்ட நடையைப் பழகவேண்டிய தேவையும் இருந்தது. அட்டவணை, வரைபடம், இல்லாத நூல்களின் பட்டியல் எல்லாம் சேர்த்து ஒரு பொய் ஆய்வுக் கட்டுரை எழுதினார். ஒரு செடியின் பட்டையில் இருந்து எடுக்கப்படும் தையோடிமொலின், தண்ணீர் ஊற்றுவதற்கு 1.12 செக்கன்களுக்கு முன்னர் கரைகிறது என்று அதில் சொன்னார்.

பரீட்சகர்கள் கண்டால் கோபிப்பார்களே என்று புனைபெயரில் போடும்படி கேட்டிருந்தார். 1948 மார்ச் மாத ‘அஸ்டவுண்டிங்’ சஞ்சிகையில் சொந்தப் பெயரிலேயே வந்துவிட்டது! மே மாதம் வாய்மொழிப் பரீட்சை. எல்லாக் கேள்விகளும் முடிந்தபின், தையோடிமொலினின் வெப்பவியக்கக் குணங்களைப் பற்றிச் சொல்லும்படி ஒரு பேராசிரியர் கேட்டார். மனிதருக்கு அடக்கமுடியாத சிரிப்பு. சித்தியடைந்துவிட்டோம் என்று அந்தக் கேள்வியிலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. பட்டம் தரப்போவதில்லை என்றால் பகிடி விடுவார்களா?

அவர் கொடுத்த விளக்கமும் சுவையானது. காபன் அணுவுக்கு நான்கு பிணைப்புகள். இந்தப் பொருளில் நெரிசல் கூடியதால் ஒரு பிணைப்பு இறந்தகாலத்துக்குள்ளும் ஒன்று எதிர்காலத்துக்குள்ளும் நீண்டுவிட்டதாம். அதனால் வரப்போகும் தண்ணீர் அதற்கு முன்கூட்டியே தெரியும்.

எங்களைப் பிடித்துக்கொண்டது வேறொரு விடயம். ஊற்றுபவரின் மனம் உறுதியாக இருந்தால் மட்டுமே பளிங்கு அப்படி முந்திக் கரையும். ஊற்றுவோமா விடுவோமா என்று தயங்குபவரின் முன்னால் அந்த நேரம் குறைந்துகொண்டே போகும். அதாவது, நாம் வாயால் சொல்வதை அது கேட்பதில்லை.

நாங்கள் இங்கே வந்தது 1988 இல். “அடுத்த வருடம் ஊருக்குப் போய்விடுவோம்” என்று எத்தனை வருடம் சொன்னோம் என்பதை எண்ணிப் பார்க்கவில்லை. 2009 இல் யுத்தம் முடிந்த பின் இரண்டு தடவை போய்ப் பார்த்தோம். யாழ்ப்பாணத்தில் காணி இருக்கிறது, கிணறு இருக்கிறது, சுவர்கள் இருக்கின்றன, கூரை இல்லை. பக்கத்துக் காணிக்காரர் இப்போது நல்ல விலைக்குக் கேட்கிறார். விற்பதா, கட்டிக்கொண்டு போய் இருப்பதா? காணி உறுதி அலுமாரிக்குள் பத்திரமாக இருக்கிறது. எங்கள் உறுதிதான் எங்கே என்று தெரியவில்லை.

ஆகவே ஓர் இரவு, அந்தப் பளிங்கு எங்கள் மேசையில் இருந்தால் என்ன செய்யும் என்று இருவரும் கேட்டுக்கொண்டோம். எங்களில் ஒருவர், “போவோம் என்று நினைத்தால் உடனே கரையும்” என்றார். மற்றவர் சிரித்துவிட்டு, “அப்ப போன வருசம் இந்த வீட்டுக்கு 25 வருட உத்தரவாதத்தோட கூரை மாத்தினது ஏன்?” என்று கேட்டார். அதற்குப் பதில் வரவில்லை. இருவரும் சேர்ந்து தெரிந்தெடுத்த கூரைதான் அது. அங்கே மழை நேராக விறாந்தையில் விழுகிறது என்று தெரிந்துகொண்டே நிறம் தெரிந்தோம்.

மகளுக்கு இதில் பொறுமை இல்லை. “நீங்க கதைக்கிறதை விடுங்கோ. காசு எங்க போகுது எண்டு பாருங்கோ, அதுதான் தையோடிமொலின்” என்றாள். தான் ஊரில் இருக்கப்போவதில்லை, ஆனால் விற்கவேண்டாம் என்றும் சொல்கிறாள். இரண்டையும் ஒரே மூச்சில் சொல்ல அவளால் முடிகிறது.

அவள் சொன்னபடி பார்த்தோம். கூரைக்குப் பிறகு பெரிய செலவு எதுவும் இல்லை. போன மாதம் மட்டும், கிணற்றை இறைத்துத் துப்புரவாக்கும்படி ஊரில் உள்ள மைத்துனருக்குக் கொஞ்சக் காசு அனுப்பியிருக்கிறோம். அனுப்பும்போது ஏன் என்று இருவரும் கேட்டுக்கொள்ளவில்லை. ஊற்று நல்லாய் வருகிறது, தண்ணீர் உவர்க்கவில்லை என்று படம் எடுத்து அனுப்பியிருந்தார். காணி கேட்டவருக்குத் தை மாதத்துக்குள் பதில் சொல்லவேண்டும்.