பாதை யாருக்கு உரியது?

புக்கிட் பாத்தோக் பேருந்துச் சந்திப்பு நிலையத்தில் காலையில் வரிசையில் நிற்போரின் கண்கள் வண்டி வரும் நேரத்தையே நாடுகின்றன. அவ்வழியில் வண்டி ஓட்டும் உரிமையை யார் யாருக்கு எம்முறையில் வழங்கினர் என்று எண்ணுவோர் அரியர். ஆனால் அவ்வினாவிற்கு விடை தேடித் தமிழ்நாட்டில் நீதிமன்றப் படிகள் பல்லாண்டுகள் தேய்ந்தன.

இந்தியாவின் 1939ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டம், வழித்தட உரிமம் வழங்கும் பொறுப்பை வட்டாரப் போக்குவரத்து அதிகாரக் குழுவிடம் ஒப்படைத்தது. பொதுமக்கள் நலன், மிச்சமாகும் காலம், ஏற்கெனவே உள்ள வண்டிகள் போதுமா என்பது, சாலையின் நிலை ஆகியவற்றை ஆராய்ந்தே முடிவு செய்ய வேண்டும் என அச்சட்டத்தின் 47ஆம் பிரிவு பணித்தது. அத்தடத்தில் முன்பே வண்டி ஓட்டுவோர் மறுப்புரைக்கவும் இடமளித்தது. விளைவு யாது? ஓர் உரிமத்திற்குப் பலர் போட்டியிட்டனர். தோற்றவர் மேல்முறையீடு செய்தார். வழக்கு உயர் நீதிமன்றம் ஏறியது. சில வேளைகளில் உச்ச நீதிமன்றம் வரை சென்றது.

தென்காசி சி.எஸ்.எஸ். மோட்டார் சர்வீஸ் வழக்கில் 1952இல் சென்னை உயர் நீதிமன்றம் ஓர் அரிய கருத்தை நிலைநாட்டியது. பொதுச் சாலையில் வண்டி ஓட்டித் தொழில் செய்வது குடிமகனின் உரிமை. அஃது அரசு இரங்கி அளிக்கும் சலுகையன்று. பொதுநலன் கருதி அரசு அதனை ஒழுங்குபடுத்தலாம் என்பதே அது. 1954இல் சாகிர் அகமது வழக்கில் உச்ச நீதிமன்றமும் இக்கருத்தை ஏற்றது. 1959இல் ராமன் அண்டு ராமன் வழக்கிலோ, உரிமம் வழங்குவது பற்றி அரசு விடுத்த ஆணைகள் நிருவாக அறிவுரைகளே, சட்டமாகா என்று தீர்ப்பாயிற்று.

இவ்வழக்குகளில் எல்லாம் வாதிட்டோர் பெரும்பாலும் வண்டி உடைமையாளர்களே. யார் பொருட்டுச் சட்டம் இயற்றப்பட்டதோ, அந்தப் பயணி வழக்கு முடியும்வரை சாலையோரத்தில் காத்திருந்தான். 1988ஆம் ஆண்டுச் சட்டம் உரிமம் வழங்குவதைத் தாராளமாக்கியது. புதியவர்க்கு உரிமம் அளிப்பதைப் பழைய உடைமையாளர் எதிர்த்த மிதிலேஷ் கர்க் வழக்கில், போட்டி வருகிறது என்பதனாலேயே ஒருவர் முறையிட இயலாது என 1991இல் உச்ச நீதிமன்றம் உரைத்தது.

சிங்கப்பூர் வேறு வழியில் நடந்தது. 1925இல் தோன்றிய சிங்கப்பூர் டிராக்ஷன் கம்பெனி நகரில் தனியுரிமை பெற்றிருந்தது. புறநகரில் சீனர்களின் பேருந்து நிறுவனங்கள் பல இயங்கின. 1955இல் ஹாக் லீ பேருந்துத் தொழிலாளர் போராட்டம் கலவரமாய் மூண்டது. 1971இல் சீன நிறுவனங்கள் மூன்றாக இணைக்கப்பட்டன. 1973இல் அவை சிங்கப்பூர் பஸ் சர்வீஸ் என ஒன்றாயின. 2016 முதல் அரசே வழித்தடங்களை வகுத்து, ஒப்பந்தப்புள்ளி கோரி, இயக்குவோரைத் தேர்ந்தெடுக்கிறது. அவ்வாறு முதலில் ஏலத்திற்கு வந்த புலிம் தொகுதியின் 26 சேவைகளில் புக்கிட் பாத்தோக் வழித்தடங்களும் அடங்கும். டவர் டிரான்சிட் நிறுவனம் அதனைப் பெற்றது.

இம்முறையில் கட்டண வருவாய் அரசைச் சேர்கிறது. இயக்குபவர் சேவைக்கான ஊதியத்தைப் பெறுகிறார். ஆகவே பயணிகளைப் பறிக்க இரு வண்டிகள் ஒன்றையொன்று முந்தவேண்டியதில்லை. ஆள்குறைந்த பகுதியைக் கைவிடும் ஆசைக்கும் இடம் குறைவு. எனினும் பழைய முறையிலும் போற்றத்தக்க ஒரு கூறு உண்டு. அதிகாரக் குழு தன் முடிவுக்குக் காரணம் காட்ட வேண்டியிருந்தது. அக்காரணத்தை எதிர்த்துக் கேட்கவும் ஓர் இடம் இருந்தது. விரைவும் ஒழுங்கும் தரும் முறை, கேள்வி கேட்கும் அவ்விடத்தைச் சுருக்கிவிடலாகாது. தடம் ஒன்று மாற்றப்படும்போது, மருத்துவமனைக்கு அதில் சென்றுவந்த முதியவர்க்கு இரண்டாவது வண்டி ஏறவேண்டிய நிலை வரலாம். அவர் கேட்கும் 'ஏன்?' என்னும் சொல்லுக்கு விடை கிடைக்கிறதா என்பதைக் கொண்டே எம்முறையையும் மாணவர்கள் எடைபோடுதல் வேண்டும்.