பெஞ்சில் உட்கார்ந்த காலம்

அமெரிக்காவில் இருக்கும் பேரன் பள்ளிக்கூடத்து ஃபுட்பால் டீமில் சேர்ந்திருக்கிறான். நாம் காலால் உதைக்கிற ஃபுட்பால் இல்லை. ஹெல்மெட்டும் தோள் கவசமும் மாட்டிக்கொண்டு, இரண்டு பக்கமும் கூரான பந்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடுவார்களே, அந்த ஆட்டம். மகள் போனில் புலம்பினாள். "சீசன் பூரா பெஞ்சிலேயே உட்கார வெச்சிருக்காங்கப்பா. டிரெஸ்ல ஒரு பொட்டு மண்ணு ஒட்டாம வீட்டுக்கு வர்றான்." துவைக்கிற வேலை மிச்சம்தானே என்றேன். கோபித்துக்கொண்டு போனை மாப்பிள்ளையிடம் கொடுத்துவிட்டாள்.

பெஞ்சில் உட்காருவதைப் பற்றிப் பேச எனக்கு யோக்கியதை உண்டு. மைசூரில் வேலைக்குச் சேர்ந்த புதிதில் எங்கள் தொழிற்சாலை கிரிக்கெட் டீமில் நான் பன்னிரண்டாவது ஆள். அந்தப் பவுசிலேயே வெள்ளை பேன்ட்டைப் போட்டுக்கொண்டு, வாங்க ஒன்றும் இல்லாவிட்டாலும், தேவராஜ மார்க்கெட்டை ஒரு சுற்றுச் சுற்றி வருவேன். பெண் பார்க்கப் போன இடத்தில் மாமா, "பையன் கிரிக்கெட் பிளேயர்" என்று பெருமையாகச் சொல்லிவிட்டார். வருங்கால மாமனார் விடவில்லை. "பேட்ஸ்மேனா, பௌலரா?" என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் என் தம்பி, "தண்ணி கொண்டு போறவர்" என்றான். கூடத்தில் ஒரே சிரிப்பு. உள்ளேயிருந்தும் ஒரு சிரிப்புச் சத்தம் கேட்டது. அந்தச் சிரிப்பை நம்பித்தான் கல்யாணத்துக்குச் சம்மதம் சொன்னேன்.

எங்களுக்கு ஸ்கோர் எழுத ஒரு பெரியவர் வருவார். மேட்ச் முடிந்ததும், ஆடின பதினோரு பேருக்குக் கீழே, தாளின் ஓரத்தில் என் பெயரையும் எழுதி வைப்பார். "ஆடாதவன் பேர் எதுக்கு சார்?" என்று ஒருமுறை கேட்டேன். "காலையிலேர்ந்து இங்கதானே இருந்தே, அப்புறம் என்ன?" என்று கன்னடத்தில் சொல்லிவிட்டு மூக்குப்பொடி டப்பாவைத் திறந்தார். அந்த வயதில் எனக்கு அது வேடிக்கையாகப் பட்டது. அவர் செய்தது எவ்வளவு பெரிய மரியாதை என்று புரிய வருஷங்கள் ஆயின.

பேரனுடைய ஆட்டத்தைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்துகொள்வோமே என்று விசாரித்ததில் ஜோர்டன் மைலாட்டா என்பவர் கதை கிடைத்தது. ஆஸ்திரேலியாவில் சமோவாக் குடும்பத்தில் பிறந்தவர். ஆறடி எட்டு அங்குல உயரம். ரக்பி ஆடிக்கொண்டிருந்தவர், அமெரிக்க ஃபுட்பால் மேட்ச் ஒன்றுகூட ஆடியதில்லை. அப்படியும் 2018இல், அணிகள் புது ஆட்களைத் தேர்ந்தெடுக்கும்போது, ஃபிலடெல்ஃபியா ஈகிள்ஸ் அணி அவரைக் கடைசிச் சுற்றான ஏழாவது சுற்றில் எடுத்தது. அந்த வருஷமும் அடுத்த வருஷமும் லீக் ஆட்டம் ஒன்றில்கூட அவர் இறங்கவில்லை. முதுகுவலி வேறு. கால் எங்கே வைப்பது, கை எப்போது நீட்டுவது என்று அரிச்சுவடியிலிருந்து படித்தார். 2020இல் இறக்கினார்கள். 2025 பிப்ரவரியில் அவர் அணி லீக்கின் இறுதி ஆட்டமான சூப்பர் பௌலை வென்றபோது களத்தில் நின்றார்.

இந்த மாதிரிக் கதை சொல்லச் சுலபம். காத்திருந்தான், கிடைத்தது என்று முடித்துவிடலாம். காத்திருந்தும் கிடைக்காதவர்களை என்ன செய்வது? எனக்கு நம் நாட்டுப் பையன்கள் இரண்டு பேர் ஞாபகம் வந்தது.

ரிங்கு சிங், தினேஷ் படேல். இருவரும் உத்தரப்பிரதேசத்துக் கிராமத்துப் பிள்ளைகள், ஈட்டி எறிகிறவர்கள். ரிங்குவின் அப்பா லாரி டிரைவர். வீட்டில் பிள்ளைகள் ஏராளம். 2008இல் அமெரிக்கர்கள் சிலர் இங்கே வந்து, பேஸ்பால் பந்தை வேகமாகவும் குறி தப்பாமலும் எறிகிறவர்களுக்குப் பரிசு என்று டிவி போட்டி நடத்தினார்கள். முப்பத்தேழாயிரம் பேருக்கு மேல் வந்து எறிந்தார்கள். இடதுகைக்காரரான ரிங்கு மணிக்குச் சுமார் 140 கிலோமீட்டர் வேகத்தில் எறிந்து ஒரு லட்சம் டாலர் பரிசை வென்றார். அதற்கு முன் இருவருக்கும் பேஸ்பால் என்றால் என்னவென்றே தெரியாது.

லாஸ் ஏஞ்சலிஸுக்குக் கூட்டிப் போய், டாம் ஹவுஸ் என்ற பெயர்பெற்ற பயிற்சியாளரிடம் விட்டார்கள். எண்ணூறு கிராம் ஈட்டியை ஓடிவந்து வானத்தைப் பார்த்து விட்ட கை அது. இனி மண்மேட்டில் நின்ற இடத்திலிருந்தே, நூற்று நாற்பத்தைந்து கிராம் பந்தை, பதினெட்டு மீட்டர் தள்ளியிருக்கிற பதினேழு அங்குல அகலப் பலகைக்கு மேலே போகும்படி எறிய வேண்டும். வெறுங்கையால் பந்து பிடித்துப் பழகின பையனுக்கு மற்றக் கையில் தோல் உறை. பாஷையும் புதுசு, சாப்பாடும் புதுசு. போய்ச் சில மாதங்களில், 2008 நவம்பரிலேயே, பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணி இருவரையும் ஒப்பந்தம் செய்தது. அமெரிக்கத் தொழில்முறை பேஸ்பாலில் ஒப்பந்தமான முதல் இந்தியர்கள் இவர்கள்தான்.

ஒப்பந்தம் ஆனவுடன் பெரிய மைதானம் கிடைத்துவிடாது. அங்கே அடிப்படியிலிருந்து ஏற வேண்டும். ஃப்ளோரிடா வெயிலில், விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்கள் வேடிக்கை பார்க்கும் பயிற்சி மைதானங்களில் 2009இல் ஆட ஆரம்பித்தார்கள். அந்த ஜூலையில் ரிங்குவின் பெயரில் ஒரு வெற்றி பதிவானது. அங்கே தொழில்முறை ஆட்டத்தில் ஓர் இந்தியர் பெற்ற முதல் வெற்றி. 2010 கடைசியில் தினேஷை விடுவித்துவிட்டார்கள், ஊர் திரும்பினார். ரிங்கு சில வருஷம் தாக்குப்பிடித்தார். அப்புறம் முழங்கைக் காயம், அறுவை சிகிச்சை, நீண்ட ஓய்வு. மேல்படியான மேஜர் லீக் மைதானத்தில் அவர் கடைசிவரை எறியவில்லை. 2018இல் மல்யுத்தக் காட்சிகள் நடத்தும் டபிள்யூ.டபிள்யூ.ஈ.யில் சேர்ந்தார், வீர் மஹான் என்ற பெயரில் இப்போது அவரைத் தெரிந்தவர்கள் அதிகம்.

இவர்கள் கதையை டிஸ்னி 2014இல் 'மில்லியன் டாலர் ஆர்ம்' என்று படமாக்கியது. இசை நம் ஏ.ஆர். ரஹ்மான். ஒப்பந்தம் கிடைத்த சந்தோஷத்தோடு படம் முடிந்துவிடும். சினிமாவுக்கு அது போதும். ஆட்டக்காரனுக்கு அதற்கப்புறம்தான் வாழ்க்கையே தொடங்குகிறது. ஒருவர் திரும்பி வந்தார், ஒருவர் வேறு தொழிலுக்குப் போனார். "அவ்வளவு தூரம் போயும் ஒண்ணும் நடக்கலையே" என்று நண்பர் ஒருவர் உதட்டைப் பிதுக்கினார். ஒன்றும் தெரியாத ஆட்டத்தை அன்னிய மண்ணில் கற்றுக்கொண்டு, அதில் சம்பளம் வாங்கி, முதல் ஆள் என்று பெயரும் எடுத்திருக்கிறார்கள். இது நடந்த கணக்கில் சேராதா?

உதட்டைப் பிதுக்குவதில் நானும் சளைத்தவன் இல்லை. எங்கள் மைசூரில் வளர்ந்த வேகப்பந்து வீச்சாளர் ஸ்ரீநாத்தை இன்று எல்லோரும் கொண்டாடுகிறோம். 67 டெஸ்ட், 236 விக்கெட். ஆனால் 1991 நவம்பரில் ஆஸ்திரேலியாவில் முதல் டெஸ்ட் ஆடிய அவருக்கு, சொந்த நாட்டில் டெஸ்ட் ஆட 1994 நவம்பர்வரை இடம் கிடைக்கவில்லை. கபில்தேவ் இருந்தார், சுழலுக்கென்று போட்ட ஆடுகளங்களில் இன்னொரு வேகப்பந்துக்காரருக்கு வேலையும் இல்லை. அந்த மூன்று வருஷத்தில், சரஸ்வதிபுரம் காபிக்கடையில் எங்களை மாதிரி எத்தனை பேர், "இந்தப் பையன் பேசாம இன்ஜினியர் வேலைக்கே போயிருக்கலாம்" என்று தீர்ப்பு எழுதினோம்! எஸ்.ஜே. பொறியியல் கல்லூரியில் படித்த பையன் ஆயிற்றே, பிழைத்துக்கொள்வான் என்ற ஆறுதலையும் சேர்த்துக்கொண்டோம்.

நாற்றங்காலில் நிற்கிற பயிரைப் பார்த்து, ஏன் கதிர் விடவில்லை என்று எந்த விவசாயியும் திட்டுவதில்லை. பிள்ளைகள் விஷயத்தில் மட்டும் நமக்கு அந்த நிதானம் வருவதில்லை. மைலாட்டாவும் ஸ்ரீநாத்தும் காத்திருந்த காலத்தில் செய்ததும், தினேஷ் ஃப்ளோரிடாவில் செய்ததும் ஒரே வேலைதான்: விடிந்ததும் எழுந்து போய்ப் பயிற்சி செய்வது. பலன் இருவருக்கு வந்தது, ஒருவருக்கு வரவில்லை. உழைப்பு நம் கையில். தேர்வு, உடம்பு, நேரம் எல்லாம் நம் கையில் முழுசாக இல்லை. இத்தனை வயதில் எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்.

உங்கள் வீட்டிலும் ஒரு பிள்ளை, ஆட்டத்திலோ பரீட்சையிலோ பெயர் வராமல், முகம் வாடித் திரும்பி வரலாம். வாசலிலேயே நிறுத்தி, "என்னாச்சு, செலக்ட் ஆனியா?" என்று கேட்காதீர்கள். முதலில் சாப்பாடு போடுங்கள். மறுநாள், இன்றைக்குப் புதிதாக என்ன கற்றுக்கொண்டாய் என்று கேளுங்கள். சொல்ல ஆரம்பித்தால், குறுக்கே பேசாமல் முழுசாகக் கேளுங்கள்.