ரத்கூல்: ஒரு குடியிருப்பின் கதை

பொபி சான்ட்ஸை எங்கட ஆக்கள் பலருக்குத் தெரியும். 1981இல் சிறையில் 66 நாள் உண்ணாவிரதம் இருந்து உயிர்விட்டவர். திலீபனோடு சேர்த்து அவரைப் பற்றி நிறையக் கதைத்திருக்கிறோம். அவர் வளர்ந்த இடத்தைப் பற்றிக் கதைத்தது குறைவு.

பெல்பாஸ்ற் நகருக்கு வடக்கே இருக்கிற ரத்கூல்தான் அது. நகரத்து நெரிசலில் கிடந்த குடும்பங்களுக்காக 1950களில் வட அயர்லாந்து வீடமைப்பு நிறுவனம் கட்டிய குடியிருப்பு. புரட்டஸ்தாந்தரும் கத்தோலிக்கரும் அடுத்தடுத்த வீடுகளில் இருந்தார்கள். பொபி விளையாடிய உதைபந்தாட்டக் குழுவிலும் இரண்டு பகுதிப் பொடியளும் இருந்தார்கள். 1969இல் கலவரம் தொடங்கியது. மிரட்டல் கூடக்கூட, கத்தோலிக்கர் ஒவ்வொரு வீடாக வெளிக்கிட்டார்கள். 1972இல் சான்ட்ஸ் குடும்பமும் மேற்கு பெல்பாஸ்ற் பக்கம் ருவின்புரூக்குக்குப் போனது. அதே நகரத்தின் வேறு பகுதிகளில் புரட்டஸ்தாந்தரும் இப்படியே வீடுகளை விட்டு ஓடினார்கள்.

இதை வாசித்தபோது எனக்கு 1983 ஜூலைக் கொழும்பு ஞாபகம் வந்தது. 1990 ஒக்ரோபரும் வந்தது. யாழ்ப்பாணத்து முஸ்லிம்களுக்குப் புலிகள் கொடுத்தது இரண்டே மணித்தியாலம். தலைமுறை தலைமுறையாகப் பக்கத்தில் இருந்த சனம் அது.

எங்களுக்கு நடந்ததை ஊருலகத்துக்குச் சொல்கிறோம், சொல்லத்தான் வேணும். எங்கட பேரால் நடந்ததையும் சேர்த்துச் சொன்னால்தான் அதைக் கேட்கிறவன் நம்புவான்.