நிழல்கள் இரு திசையில் விழுந்தன

அஸ்ர் தொழுகை முடிந்து பள்ளிவாசல் திண்ணையில் அமர்ந்திருந்தோம். நம்மிடம் ஓதி முடித்த மாணவர் ஒருவர் வந்து ஸலாம் சொன்னார். திரைப்படங்களுக்குக் கணினியில் காட்சிகள் உருவாக்கும் தொழிலைச் சென்னையில் படிக்க விரும்புகிறாராம். “ஹஜ்ரத், இந்த வேலை ஆகுமா?” என்று கேட்டார். பூவத்துப் பிள்ளைகள் பிரான்சு, வளைகுடா என்று புறப்படுவதே நமக்குப் பழக்கம். இந்தக் கேள்வி புதிது.

உருவம் சமைப்பது பற்றிய ஹதீஸ்களை நாமே அவருக்குக் கற்பித்திருந்தோம். ஆகாது என்று சொல்ல நா எழுந்தது. எனினும், யாரைப் பார்த்து இந்த ஆசை வந்தது என்று கேட்டோம். ஸ்ரீனிவாஸ் மோகன் என்றார்.

2007-இல் வெளியான ‘சிவாஜி’ படத்தில் ரஜினிகாந்த் வெள்ளையராகத் தோன்றுவது ஒப்பனையன்று. வெள்ளைக்காரப் பெண் ஒருவரின் தோலைப் படம்பிடித்துக் கணினியால் பொருத்தியது. 2010-இல் வெளியான ‘எந்திரன்’ படத்துக்காக அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. பின்னர் ‘ஆர்.ஆர்.ஆர்.’ படத்துக்கும் கிடைத்தது. அதில் கூண்டிலிருந்து பாயும் விலங்குகள் யாவும் கணினியில் பிறந்தவை. செய்தது தெரியாமல் செய்வதே இத்துறையில் தேர்ச்சி என்றார் மாணவர். படப்பிடிப்பு இடத்தில் கண்ணாடிபோல் மின்னும் உருண்டை ஒன்றை வைத்துப் படமெடுப்பார்களாம். வெளிச்சம் எத்திசையிலிருந்து வருகிறது என்பதை அது காட்டிவிடும். மனிதத் தோலுக்குள் ஒளி சிறிது புகுந்து பரவுகிறது. அதைக் கணக்கிடாவிட்டால் முகம் பிளாஸ்டிக்போல் ஆகிவிடுமாம். ஒரு கன்னத்தின் சாயலைப் போலி செய்யவே இத்தனை பேர், இத்தனை மாதங்கள்! ஸுப்ஹானல்லாஹ் என்று நம்மை அறியாமல் சொன்னோம்.

நாம் உடனே மறுக்காமைக்கு வேறொரு காரணமும் உண்டு. அதைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது. சில வாரங்களுக்கு முன், அருகிலுள்ள கரையில் பேரலை எழுவதாக ஒரு காணொளி நம் கைப்பேசிக்கு வந்தது. பெற்றோர்களின் வாட்ஸ்அப் குழுவுக்கு அதை உடனே அனுப்பினோம். 2004 டிசம்பர் 26-ஐக் கண்ட கரை இது. அன்று உறவினரைக் கடலுக்குக் கொடுத்த ஒரு தாய், அந்த இரவே பிள்ளைகளை அழைத்துக்கொண்டு பேரளத்துக்குப் போய்விட்டார். காணொளி போலி. “ஹஜ்ரத், நிழல்கள் இரு திசையில் விழுகின்றன” என்று தனியாகச் செய்தி அனுப்பியவர் இந்த மாணவர்தாம். செய்தி வந்தால் தெளிவாக விசாரிக்கச் சொல்லும் ஹுஜுராத் அத்தியாயத்தின் ஆறாம் வசனத்தை அவருக்கு மனனம் செய்வித்தவர் நாம். அந்தத் தாயிடம் நேரில் சென்று மன்னிப்புக் கேட்டோம். அவர் ஒன்றும் சொல்லவில்லை, தேநீர் கொடுத்தார்.

ஃபிர்அவ்னின் சூனியக்காரர்கள் கயிறுகளையும் தடிகளையும் ஓடுவனபோல் காட்டிய வரலாறு தாஹா அத்தியாயத்தில் உண்டு. மூஸா நபியின் கைத்தடி வித்தையன்று என்பதைக் கண்டதும் ஸஜ்தாவில் விழுந்தவர்கள் அந்தச் சூனியக்காரர்களே. வித்தையின் எல்லையை அவர்கள் அறிந்திருந்தார்கள். பல ஆண்டுகள் இப்பாடத்தை நடத்தியும், இக்கோணத்தில் நாம் யோசித்ததில்லை.

ஃபத்வா வழங்கும் தகுதி நமக்கில்லை. நிழற்படம், கணினி உருவம் பற்றி உலமாக்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. மூத்த ஆலிம் ஒருவரிடம் அவரை அழைத்துச் செல்வதாகச் சொன்னோம். அதுவரை ஒரு வேலை கொடுத்தோம்: மதரஸா பிள்ளைகளுக்குப் போலிக் காணொளியை இனங்காணக் கற்பிக்க வேண்டும்.

முதல் வகுப்புக்கு உருண்டை கிடைக்கவில்லை. வீட்டிலிருந்து எவர்சில்வர் சொம்பு ஒன்றைக் கொண்டுவந்தார். அதில் தெரியும் சன்னல் எந்தப் பக்கத்துச் சன்னல் என்று பிள்ளைகள் சண்டையிட்டுக்கொண்டிருக்க, நாமும் பின்வரிசையில் அமர்ந்துகொண்டோம்.