பூட்டனாரைக் கதையாக்கப் போய்...

மூன்று ஆண்டுகளாக ஒரு வரலாற்றுப் புதினம் எழுதி வருகிறேன். அதன் நாயகர் மன்னரும் அல்லர், தளபதியும் அல்லர். நாகப்பட்டினத்தில் கப்பலேறிப் பினாங்குக்குச் சபர் சென்ற என் பூட்டனார். சரித்திரக் கதை என்றால் முதல் பக்கத்திலேயே குதிரைக் குளம்பொலி கேட்க வேண்டும் என்று தமிழ் வாசகரைப் பழக்கி வைத்துவிட்டோம். சோற்றுக் கூடை சுமந்தவருக்குப் புதினமா என்று நண்பர் ஒருவர் சிரித்தார். 1885-லேயே ‘அஸன்பே சரித்திரம்’ தந்த சித்திலெப்பை மரைக்காயரின் சமுதாயத்தில் பிறந்தவனுக்கு இந்த ஆசைகூட இருக்கலாகாதா என்று நான் திருப்பிக் கேட்டேன்.

எங்கள் வீட்டில் வழிவழியாகச் சொல்லப்பட்ட வரலாறு சுருக்கமானது. பூட்டனார் இருபது வயதில் பினாங்கு சென்றார், பெருங்கடை வைத்தார், இரண்டு முறை ஊர் வந்து திரும்பினார், 1914-இல் எம்டன் போட்ட குண்டில் மௌத்தானார். இவ்வளவுதான். ஹஜ்ஜுப் பெருநாளுக்கு ஓரிரு நாள் முன்பு ஆண்டுதோறும் அவர் பெயரால் எங்கள் வீட்டில் பாத்திஹா ஓதப்பட்டது. சிறுவர்களாகிய எங்களுக்கு அன்று கிடைத்த நெய்ச்சோற்றுக்காக எம்டனுக்கு நாங்கள் உள்ளூர நன்றி சொன்னதுண்டு. அல்லாஹ் பிழை பொறுப்பானாக.

‘பெருங்கடை’ என்ற சொல்லை முதலில் உடைத்தவர் என் மாமி. வாப்பாவின் மூத்த சகோதரி. பூட்டனார் இரண்டாம் முறை ஊர் வந்திருந்தபோது அவருடைய வலத்தோளில் கல்போல் ஒரு காய்ப்பு இருந்ததாம். இரவில் பூட்டியார் எண்ணெய் தடவி உருவி விடுவாராம். மாமி இதைப் பூட்டியாரின் வாயாலேயே கேட்டவர். கடை முதலாளிக்குத் தோளில் காய்ப்பு ஏன்? பினாங்கில் நம்மவர் தோள்தடியின் ஒரு முனையில் சோறும் மறுமுனையில் கறியுமாகக் கூடைகளைத் தொங்கவிட்டுத் துறைமுகத் தொழிலாளருக்கு விற்றதை அறிந்தவர்களுக்கு இதன் விடை எளிது. அந்தத் தடியைக் குறிக்கும் மலாய்ச் சொல்தான் ‘நாசி கண்டார்’ என்ற உணவின் பெயரில் இன்றும் இருக்கிறது.

எழுதத் தொடங்கினேன். நாகப்பட்டினத்தில் கப்பல் கரையை ஒட்டி நிற்காது, தொலைவில் நங்கூரமிட்டிருக்கும். அலையில் குதிக்கும் படகிலிருந்து பயணிகள் ஏணிக்குத் தாவ வேண்டும். மேல்தளத்தில் பாயும் கூஜாவும் பொட்டலச் சோறுமாக ஏறக்குறைய ஒரு வாரம். இறங்கியதும் சூலியா தெரு, அதனருகே 1801-இல் எழுந்த கப்பித்தான் கிளிங் பள்ளிவாசல். அதன் ஹவுலில் அவர் முதன்முதலாக ஒளுச் செய்ததை எழுதியபோது என் கைகளே குளிர்ந்தன. பதினோர் அத்தியாயங்கள் இவ்வாறு தடையின்றி ஓடின.

பன்னிரண்டாவதில் அவர் மௌத்தாக வேண்டும். இங்கேதான் எம்டன் என்னைச் சோதித்தது. அந்த ஜெர்மானியக் கப்பல் 1914 செப்டம்பர் 22 இரவு சென்னையின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்தியதும், சாமர்த்தியசாலிக்குத் தமிழில் ‘எம்டன்’ என்ற பட்டம் கிடைத்ததும் யாவரும் அறிந்தவை. அக்டோபர் 28 விடியலில் அது பொய்யாக ஒரு நான்காவது புகைபோக்கியைப் பொருத்திக்கொண்டு பினாங்குத் துறைமுகத்தில் நுழைந்தது. ‘ஜெம்சுக்’ என்ற ரஷ்யப் போர்க்கப்பலை மூழ்கடித்தது. வெளியேறும்போது ஒரு பிரெஞ்சுக் கப்பலையும் வீழ்த்தியது. ஆனால் எம்டனின் இலக்கு போர்க்கப்பல்கள், ஊர் அன்று. தெருவில் சோறு விற்றவரை அதன் குண்டு எப்படித் தேடிப் போகும்? அவரைச் சாகடிப்பதற்காகவே நான் அவரை ஒரு சம்பானில் ஏற்றி, கப்பல்காரர்களுக்குச் சோறு கொண்டுபோகும் சாக்கில் துறைமுகத்தின் நடுவே நிறுத்தினேன். அத்தியாயம் அழகாகவே வந்தது.

மரணச் செய்தி ஒரு கடிதத்தில் வந்தது என்பதும் குடும்ப வரலாறு. அந்தக் கடிதத்தின் நடை தெரிந்தால் அத்தியாயம் நிறைவுறும் என்று மாமியிடம் கேட்டேன். சந்தனப் பெட்டியைத் திறந்து எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள். மரியாதையாக முத்தமிட்டுப் பாதுகாக்கப்பட்ட தாள், அரபுத்தமிழில் எழுதியது. தமிழை அரபு எழுத்தில் எழுதும் அக்கலையை ஓதப்பள்ளியில் கற்றவர்களில் நான் கடைசித் தலைமுறை. கூடுதல் புள்ளிகளைக் கூட்டிக் கூட்டி, ட எது, ப எது என்று பிரித்து, இரண்டு மாலைகளில் படித்து முடித்தேன்.

தேதி: ஹிஜ்ரி 1333, ரபீயுல் அவ்வல் பிறை 5. அதாவது 1915 ஜனவரி. எம்டன் வந்துபோய் ஏறக்குறைய மூன்று மாதங்களுக்குப் பின். எழுதியவர் பூட்டனார்.

ஒரு மலாய்ப் பெண்ணை நிக்காஹ் செய்து மூன்றாண்டாகிறது. ஒரு பிள்ளை உண்டு. மைத்துனர் கடையில் உட்கார்ந்து கணக்கு எழுதுகிறேன், தோளில் இப்போது சுமையில்லை. இனி ஊர் வருவது நடவாது. உன்னைக் காக்கவைத்துப் பாவம் சுமக்க மாட்டேன், தலாக் சொல்லிவிட்டேன். மஹர் பாக்கிக்காக இருபது வெள்ளி அனுப்பியிருக்கிறேன், பொருந்திக்கொள். அவ்வளவே செய்தி.

எங்கள் தெருவுக்கு வரும் அரபுத்தமிழ்க் கடிதங்களையெல்லாம் படித்துச் சொன்னவர் பூட்டியார்தாம். மாமியார் பார்வை மங்கியவர். மகனுக்கு, அதாவது என் பாட்டனாருக்கு, அப்போது ஒன்பது வயது. முற்றத்தில் எல்லோரும் கூடியிருக்க, இந்தத் தாளைக் கையில் பிடித்துக்கொண்டு அந்த முப்பது வயதுப் பெண் என்ன படித்தார்? ‘எம்டன் குண்டில் மௌத்து’ என்றுதான் படித்திருக்க வேண்டும். பிறகு இத்தா இருந்தார், வெள்ளை உடுத்தார், நாற்பது ஆண்டுகளுக்கு மேல் அதைக் களையவில்லை. தலாக் பெற்றவளுக்கும் இத்தா உண்டு, கைம்பெண்ணுக்கும் உண்டு. கால அளவுதான் வேறு. அறைக்குள் அவர் எதற்கான இத்தாவை எண்ணி முடித்தார் என்பது அவருக்கும் இறைவனுக்கும் மட்டுமே தெரிந்த கணக்கு.

அது பொய்தான், ஆயினும் அவரைக் குறைசொல்ல என் நா எழவில்லை. வாப்பா கைவிட்ட பிள்ளையாக வளர்வதற்கும் வாப்பாவைப் பறிகொடுத்த பிள்ளையாக வளர்வதற்கும் உள்ள தூரம் அந்த ஊரில், அந்தக் காலத்தில், மிகப் பெரிது. பூட்டனார்மீது எனக்குக் கோபம் வந்தது. அந்த இருபது வெள்ளி எத்தனை கூடைச் சோற்றின் மிச்சம் என்று எண்ணியதும் அந்தக் கோபமும் நிலைக்கவில்லை. பினாங்கில் இன்று எங்கள் இரத்தத்தின் ஒரு கிளை இருக்கலாம். அவர்கள் எங்கள் பெயரையும் அறியமாட்டார்கள்.

தம்பி முறையாகும் ஒருவர் கடிதத்தை எரித்துவிடச் சொன்னார். மாமியிடம் சென்றேன். தொண்ணூறு வயது, பார்வை அறவே இல்லை. “படி வாப்பா, அந்தக் கடுதாசிய ஒருத்தரும் எனக்குப் படிச்சுக் காட்டுனதில்ல” என்றார்கள். பூட்டியார் நின்ற அதே முற்றம். அதே தாள் என் கையில். எதிரே பார்வையற்ற ஒரு முதியவர். எனக்கு நா வறண்டது. சலாமைப் படித்தேன். தேதியைத் தொடங்கினேன்.

“தேதி கெடக்கட்டும். வாப்பும்மா சாவுற வரைக்கும் அந்தத் தோளப் பத்தித்தான் கவலப்பட்டுக்கிட்டிருந்தாங்க. தோளு எப்படி இருக்குன்னு எழுதியிருக்காரா?”

மாமிக்கு எவ்வளவு தெரியும் என்று அன்றும் நான் கேட்கவில்லை. ‘தோளில் இப்போது சுமையில்லை’ என்ற வரியை மட்டும் உரக்கப் படித்தேன். தலையசைத்துவிட்டு, மடித்துப் பெட்டியில் வைக்கச் சொன்னார்கள்.

அதன்பின் ஐந்து மாதமே மாமி இருந்தார்கள். பெட்டி இப்போது என்னிடம். பன்னிரண்டாம் அத்தியாயத்திலிருந்து சம்பானை எடுத்துவிட்டேன். பூட்டனார் கரையில் நிற்கிறார், துறைமுகத்தில் புகை எழுகிறது. அங்கிருந்து பூட்டியாரின் முற்றத்துக்குப் போகும் வாக்கியத்தை நான் இன்னும் எழுதவில்லை.