கந்துக வரியும் ஒரு வருகைப்பதிவேடும்

சிலப்பதிகாரத்து வாழ்த்துக் காதையில் கந்துக வரி என்றொரு பகுதி உண்டு. கந்துகம் என்றால் பந்து. பெண்கள் பந்தடித்துக்கொண்டே பாண்டியனை வாழ்த்திப் பாடும் வரிப்பாடல் அது. இளங்கலை மாணவர்களுக்குப் பல ஆண்டுகளாக அதை நடத்தி வருகிறேன். பந்தின் துள்ளலும் பாட்டின் தாளமும் ஒன்றிப்போகும் இடத்தில் நிறுத்தி, மேசையைத் தட்டிச் சந்தத்தைக் காட்டுவேன். பெருங்கதையில் மானனீகை பந்தடிக்கும் பகுதியையும் உடன்வைத்து ஒப்பிடுவேன். பழந்தமிழ்ப் பெண்டிர் ஆடிய ஆட்டத்தைப் பற்றி அவ்வளவு பெருமிதத்தோடு பேசுகிறவனைப் பெண்கள் விளையாடுவதற்கு எதிரானவன் என்று யாரும் சொல்லிவிட முடியாது. நானும் அப்படித்தான் நம்பியிருந்தேன்.

2018ஆம் ஆண்டின் பிற்பகுதி என்று நினைவு. கந்துக வரியை நடத்தி முடித்த மறுநாள், அந்த வகுப்பில் இருந்திருக்க வேண்டிய மாணவி ஒருத்தி துறை வாசலில் வந்து நின்றாள். வெயிலில் கறுத்த முகம். முழங்காலில் காயம் போலும், நொண்டினாள். வருகை 75 விழுக்காட்டுக்கும் குறைந்துவிட்டது. தேர்வு எழுத வேண்டுமானால் முதல்வருக்குப் பரிந்துரைக் கடிதம் வேண்டும். அதில் என் கையொப்பம் தேவை.

"கால்பந்துப் போட்டிக்குப் போயிருந்தேங்கய்யா" என்றாள்.

போட்டி நடந்த ஆறு நாட்களுக்குச் சான்று வைத்திருந்தாள். பயிற்சிக்காகப் போன நாட்களுக்கு எந்தச் சான்றும் இல்லை. நான் விதியை எடுத்துச் சொன்னேன். அதோடு நிறுத்தியிருக்கலாம். "பந்து சோறு போடாதும்மா" என்றும் சொன்னேன்.

அவள் அழவில்லை, வாதாடவும் இல்லை. "போடுமா போடாதான்னு தெரியலைங்கய்யா. இப்ப பொம்பளப் பிள்ளைகளுக்கும் லீக் வந்திருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனாள். எந்த லீக் என்று கேட்கக்கூட எனக்குத் தோன்றவில்லை. அந்தப் பருவத் தேர்வை அவள் எழுதவில்லை.

அடுத்த ஆண்டு மே மாதம், கோடை விடுமுறையில், பசுமலையில் நான் வழக்கமாகத் தேநீர் குடிக்கும் கடையில் செய்தித்தாளைப் புரட்டிக்கொண்டிருந்தேன். கடைசிக்கு முந்தைய பக்கத்தில் ஒரு சிறு செய்தி. லூதியானாவில் 2019 மே 22 அன்று நடந்த இந்திய மகளிர் லீக் இறுதி ஆட்டத்தில் மணிப்பூர் காவல்துறை அணியை 3-1 என்று வென்று, மதுரையின் சேது எஃப்.சி. கோப்பையைக் கைப்பற்றியிருந்தது. இந்தியாவிலேயே முதலிடம். என் ஊர் அணி. அப்படியோர் அணி இருப்பதே அன்றுதான் எனக்குத் தெரியவந்தது.

அந்தச் செய்தியை மடித்து வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். கால்பந்தைப் பற்றி நான் தேடிப் படிக்கத் தொடங்கியது அன்றிலிருந்துதான். இலக்கிய நண்பர்களுக்கு இது வியப்பாக இருக்கலாம். குற்றவுணர்வைப்போல ஒருவனைப் படிக்க வைக்கக்கூடியது வேறெதுவும் இல்லை.

*

நம் நாட்டில் கால்பந்துக்கு ரசிகர்கள் எக்காலத்திலும் உண்டு. ஆண்டு முழுவதும் ஆடித் தீர்க்கும் தேசிய லீக் ஒன்று 1996இல்தான் வந்தது. அதன் முதல் கோப்பையை வென்றது பஞ்சாபின் பக்வாரா நகரத்து ஜே.சி.டி. மில்ஸ் அணி. ஒரு பஞ்சாலையின் அணி கோப்பை வெல்வதன் பொருளை மதுரைக்காரர்களுக்கு விளக்க வேண்டியதில்லை. ஹார்வி மில் சங்கொலியை வைத்துப் பொழுதைக் கணித்த ஊர் இது. சென்னையிலிருந்து இந்தியன் வங்கியின் அணியும் அந்த லீக்கில் ஆடியது. ஆலை, வங்கி, காவல்துறை, ரயில்வே என்று நிறுவனங்கள்தாம் அன்று ஆட்டக்காரர்களைத் தாங்கின. பந்தை நன்றாக உதைத்தவனுக்கு ஒரு வேலை கிடைத்தது; கால் ஓய்ந்த பிறகும் ஓய்வூதியம் வரை அந்த வேலை நின்றது. நான் அந்தப் பெண்ணிடம் சொன்ன வாக்கியம் இந்த வரலாற்றின் முன்னே பொய். பந்து பலருக்குச் சோறு போட்டிருக்கிறது. சம்பளப் பட்டியலின் வழியாகப் போட்டது.

பிறகு காலம் மாறியது. நிறுவனத்தின் நிழலில் இல்லாமல் கால்பந்துக்கென்றே ஒரு கழகம் என்ற எண்ணத்தோடு 1997இல் எஃப்.சி. கொச்சின் தோன்றியது. முதல் ஆண்டிலேயே டூரண்ட் கோப்பையை வென்றது. தமிழகத்து ராமன் விஜயன் அந்த அணிக்காக ஆடி, 1997-98 லீக்கில் மற்ற எவரையும்விட அதிகக் கோல்கள் அடித்தார். 2002இல் கழகம் பணமின்றி முடிந்துபோயிற்று. 2007இல் தேசிய லீக், ஐ-லீக் என்று பெயரும் வடிவும் மாறியது. கழகங்கள் தொழில்முறை அமைப்புகளாக இருக்க வேண்டும் என்ற ஆசியக் கூட்டமைப்பின் நிபந்தனைகள் ஒருபுறம் இறுக்க, மறுபுறம் பழைய புரவலர்கள் விலகத் தொடங்கினர். மகிந்திரா நிறுவனம் 2010இலும் ஜே.சி.டி. 2011இலும் தம் அணிகளைக் கலைத்தன. உரிமத் தகுதி பெறாமையால் ஏர் இந்தியாவும் ஓ.என்.ஜி.சி.யும் 2013இல் ஐ-லீக்கிலிருந்து வெளியேறின.

அந்த வெற்றிடத்தில் பெரும்பணம் நுழைந்தது. 2010 டிசம்பரில் ஐ.எம்.ஜி.-ரிலையன்ஸ் நிறுவனம், 15 ஆண்டுகளுக்கு 700 கோடி ரூபாய் என்று அகில இந்தியக் கால்பந்துக் கூட்டமைப்போடு ஒப்பந்தம் செய்துகொண்டது. அதன் விளைவே 2014 அக்டோபரில் எட்டு அணிகளுடன் தொடங்கிய இந்தியன் சூப்பர் லீக். நடிகர்களும் கிரிக்கெட் வீரர்களும் அணி உரிமையாளர்களாயினர். தொலைக்காட்சியில் பச்சைப் புல்வெளி பளபளத்தது. சென்னையின் எஃப்.சி. 2015இலும் 2017-18இலும் கோப்பையை வென்றது. ஆட்டக்காரர்களின் ஊதியம் முன்பு யாரும் எண்ணியிராத அளவுக்கு உயர்ந்தது என்பதை மறைக்க வேண்டியதில்லை. குமரி மாவட்டத்துத் தூத்தூர்ப் பகுதிக் கடற்கரையிலிருந்து வந்த மைக்கேல் சூசைராஜ் போன்றோருக்கு அது ஒரு வாசலைத் திறந்தது.

ஆனால் ஊருக்கும் அணிக்கும் இடையே என்ன பிணைப்பு உண்டாயிற்று என்று கேட்டால், எனக்குச் சென்னை சிட்டி எஃப்.சி.யின் கதைதான் நினைவுக்கு வருகிறது. பெயரில் சென்னை, ஆடுகளம் கோவை நேரு விளையாட்டரங்கம். 2019 மார்ச் 9 அன்று மினர்வா பஞ்சாபை 3-1 என்று வென்று ஐ-லீக் வாகையைச் சூடியது. சிங்கப்பூர்க்காரரான அக்பர் நவாஸ் பயிற்றுவித்தார். பெத்ரோ மான்சி அந்தப் பருவத்தில் 21 கோல்கள் அடித்தார். எட்வின் சிட்னி போன்ற நம்மூர் இளைஞர்கள் களத்தில் நின்றார்கள். சுவிட்சர்லாந்தின் பாசெல் கழகம் அந்த ஆண்டுத் தொடக்கத்தில் அதில் பங்கு வாங்கியிருந்தது. 2020-21 பருவத்துக்குப் பின் ஐ-லீக்கில் அந்த அணியைக் காணவில்லை. வாகை சூடிய இரண்டே ஆண்டுகளில் அது மேடையிலிருந்து இறங்கிவிட்டது.

மார்ச்சில் ஆண்களின் கோப்பை, மே மாதத்தில் பெண்களின் கோப்பை. 2019இல் பத்து, பதினொரு வார இடைவெளியில் இரண்டும் தமிழ்நாட்டுக்கு வந்தன. தெருவில் யாரும் வெடி வெடித்ததாக எனக்கு நினைவில்லை.

*

சேது எஃப்.சி. 2016இல் தோன்றியது. மதுரையை அடுத்த காரியாபட்டிப் பக்கத்துப் பொறியியல் கல்லூரியின் நிர்வாகப் பின்புலத்தில் உருவான கழகம் அது. கோப்பை வென்ற ஆண்டில் பயிற்றுநராக இருந்தவரும் ஒரு பெண்ணே: அமிர்தா அரவிந்த். கடலூரிலிருந்து வந்து, காவல்துறையில் உதவி ஆய்வாளராகப் பணியாற்றும் இந்துமதி கதிரேசன் அதில் ஆடினார். நேபாளத்தின் சபித்ரா பண்டாரி கோல்களைக் குவித்தார். பழைய ஆலை அணிகளைப்போலவே இங்கும் ஒரு நிறுவனம்தான் பின்னால் நிற்கிறது என்பதைக் கவனியுங்கள். இந்துமதியின் சோற்றுக்குப் பொறுப்பு காவல்துறை வேலை.

இந்திய மகளிர் லீக்கின் முதல் பருவம் 2017 ஜனவரி 28 அன்று டெல்லியில் தொடங்கி, பிப்ரவரி 14 அன்று முடிந்தது. மொத்தம் பதினெட்டு நாட்கள். ஆறு அணிகள், ஒரே நகரம். 2019இலும் எல்லா அணிகளும் லூதியானாவில் கூடி மூன்று வாரத்துக்குள் ஆடி முடித்தன. லீக் என்ற சொல்லுக்குச் சொந்த ஊரில் ஓர் ஆட்டம், அயலூரில் ஓர் ஆட்டம் என்பதுதான் உலக வழக்கு. அந்த வழக்கம் நம் பெண்களுக்கு 2023-24 பருவத்தில்தான் வாய்த்தது. ஏழு அணிகள், அணிக்கு 12 ஆட்டங்கள். அந்தப் பருவத்தை முன்னிட்டு, ஒவ்வோர் அணியும் குறைந்தது பத்து இந்திய வீராங்கனைகளை ஆண்டுக்குக் குறைந்தபட்சம் 3.2 லட்ச ரூபாய் ஊதியத்தில் ஒப்பந்தம் செய்ய வேண்டும் என்று கூட்டமைப்பு முடிவெடுத்தது. மாதம் சுமார் 26,600 ரூபாய். என் துறை வாசலில் நின்ற பெண் ஐந்து ஆண்டுகள் கழித்துப் பிறந்திருந்தால் என் வாக்கியத்துக்குப் பதிலாக இந்தக் கணக்கைச் சொல்லியிருக்கலாம்.

ஆண்களின் பளபளப்பும் நிலைக்கவில்லை. 2025 டிசம்பரில் முடியவிருந்த அந்தப் பதினைந்தாண்டு ஒப்பந்தம் புதுப்பிக்கப்படாத நிலையில், 2025 ஜூலையில் சூப்பர் லீக்கின் அடுத்த பருவம் நிறுத்தி வைக்கப்பட்டது. ஆகஸ்டில் சென்னையின் எஃப்.சி. தன் செயல்பாடுகளைக் காலவரையின்றி நிறுத்தியது. பருவத்தைச் சுருக்கிப் பிப்ரவரியில் தொடங்குவார்கள் என்ற அறிவிப்பு 2026 ஜனவரியில்தான் வந்தது. இடைப்பட்ட மாதங்களில் ஊதியம் வருமா வராதா என்று எத்தனை வீடுகளில் கவலைப்பட்டிருப்பார்கள்! ஆலை மூடியபோது மதுரை வீடுகள் பட்ட கவலையிலிருந்து அது அதிகம் வேறுபட்டதாக எனக்குத் தோன்றவில்லை. ஒரே கையில் தொங்கும் ஆட்டம், அந்தக் கை தளரும்போது கீழே விழுகிறது. ஆலையின் கையானாலும் தொலைக்காட்சியின் கையானாலும் விழுகிறவர்கள் ஆட்டக்காரர்கள்தாம்.

*

சென்ற கோடையில் ஒரு மாலை, பசுமலைச் சரிவின் பக்கம் நடந்துகொண்டிருந்தேன். ஒரு பள்ளியின் மண் மைதானத்தில் பதினைந்து, இருபது சிறுமிகள் புழுதி கிளப்பி ஓடிக்கொண்டிருந்தார்கள். கழுத்தில் ஊதலோடு நின்றவள் என்னைக் கண்டதும் வேலியருகே வந்தாள். எனக்கு அடையாளம் தெரிய ஒரு நிமிடம் ஆயிற்று. உடற்கல்விப் பட்டம் முடித்து, தனியார் பள்ளி ஒன்றில் வேலை பார்க்கிறாளாம். மாலையில் இந்தப் பிள்ளைகளுக்குக் கட்டணமின்றிப் பயிற்சி.

நான் அன்று சொன்னதை எடுத்து, வருத்தம் தெரிவிக்க முயன்றேன். அவள் சிரித்தாள்.

"நீங்க சொன்னது ஒருவகையில சரிதாங்கய்யா. பந்து எனக்குச் சோறு போடலை. பந்து சொல்லிக்குடுக்குறதுதான் போடுது."

பிறகு, பின்காப்பில் நின்றிருந்த உயரமான பெண்ணைக் காட்டினாள். பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருக்கிறாள். எங்கள் கல்லூரியில் தமிழுக்கு விண்ணப்பித்திருக்கிறாள். "நல்லா படிப்பா. வருகைப்பதிவு மட்டும் கொஞ்சம் பாத்துக்கங்கய்யா."

விளையாட்டில் வளர்ச்சி என்றால் கோடிகளையும் கோப்பைகளையும் எண்ணுகிறோம். லீக்குகள் வரும், பெயர் மாறும், மூடும். அவற்றுக்கு ஆளனுப்பும் இந்த மண் மைதானம் ஒரு பள்ளியின் அனுமதியிலும், ஒருத்தியின் மாலைப் பொழுதிலும், எங்கோ ஒரு துறைத்தலைவரின் கையொப்பத்திலும் உயிர் வாழ்கிறது. அந்தக் கையொப்பத்தை நான் ஒருமுறை மறுத்தவன்.

இந்த ஆண்டும் கந்துக வரி நடத்தினேன். அந்த உயரமான பெண்ணின் இருக்கை காலியாக இருந்தது. திண்டுக்கல்லில் ஏதோ போட்டியாம். பதிவேட்டில் வராதவள் என்றே குறித்தேன்; அதில் பொய் சொல்ல முடியாது. வகுப்பு முடிந்து துறைக்கு வந்ததும், அவள் கேட்பதற்கு முன்பே, பரிந்துரைக் கடிதத்தை எழுதி மேசை இழுப்பறையில் வைத்துவிட்டேன். பயிற்சி நாட்களையும் சேர்த்தே எழுதியிருக்கிறேன்.