இடைக்கால ஜீவனாம்சமும் வாய்தாவும்

சம்பளப் பட்டியல் எழுதும் ரயில்வே குமாஸ்தாக்களாகிய நமக்கு ஒரு காகிதம் நன்கு பழக்கமானது. இன்ன ஊழியரின் சம்பளத்தில் மாதந்தோறும் இவ்வளவு பிடித்து அவர் மனைவிக்கு அனுப்புக என்னும் நீதிமன்ற உத்தரவே அது. மேஜைக்கு வந்துவிட்டால் பிறகு தாமதமில்லை. பணம் போய்ச் சேரும். அக்காகிதம் பிறப்பதற்குத்தான் காலம் பிடிக்கிறது.

விக்ரோலியில் நாம் குடியிருக்கும் சாலில் திருநெல்வேலிப் பக்கத்துப் பெண் ஒருத்தி இரு குழந்தைகளுடன் தனித்து வாழ்கிறாள். இடைக்கால ஜீவனாம்சம் கேட்டு மனுக் கொடுத்து ஒன்றரை வருஷமாயிற்று. ஒருமுறை எதிர்த்தரப்பு வக்கீல் வரவில்லை. ஒருமுறை நீதிபதி விடுப்பு. பிறகு பதில் மனுவுக்கு அவகாசம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் அவளுக்கு ஒருநாள் கூலி நஷ்டம். "இடைக்காலம்னா எவ்வளவு காலம், அண்ணாச்சி?" என்று ஒருநாள் கேட்டாள்.

சட்டத்தில் விடை உண்டு. 2001-ஆம் வருஷத் திருத்தப்படி, எதிர்த்தரப்புக்கு அறிவிப்புச் சேர்ந்ததிலிருந்து கூடியவரை 60 நாட்களுக்குள் இம்மனுவைத் தீர்க்கவேண்டும். 2024 ஜூலையில் அமலுக்கு வந்த புதிய சட்டத்தின் 144-ஆம் பிரிவும் அவ்வாறே கூறுகிறது. 'கூடியவரை' என்ற அந்த ஒரு சொல்லுக்குள் எத்தனை வாய்தாக்கள் அடங்கிவிடுகின்றன!

நம் மாநிலத்து நாகபுரியில் ஒரு தாய் 2013-இல் கொடுத்த மனுவுக்குக் குடும்ப நீதிமன்றம் 2015-இல் உத்தரவிட்டது. கணவர் மேன்முறையிட்டு, விவகாரம் உச்ச நீதிமன்றத்தில் முடிந்தபோது 2020 நவம்பர். அத்தீர்ப்பில்தான், இருதரப்பாரும் வரவையும் சொத்தையும் பிரமாணப் பத்திரத்தில் காட்டவேண்டும். அதன்பின் நான்கு முதல் ஆறு மாதங்களுக்குள் உத்தரவு வரவேண்டும். மனுச் செய்த நாள் முதலே தொகை கணக்காகவேண்டும் என்றெல்லாம் வகுத்தார்கள்.

கடைசி விதி நல்லதுதான். இழுத்தடிப்பவருக்கு லாபமில்லாமற் செய்கிறது. ஆயினும் நிலுவை என்பது என்னவென்று நமக்குத் தெரியும். பஞ்சப்படி நிலுவை வந்தால் மகிழ்கிறோம்; இடையில் மாதச் சம்பளம் நிற்பதில்லையே! அவளுக்கோ மாதப்பணமே நிலுவை. ஜூன் மாதத்துப் பள்ளிக் கட்டணத்தை இரண்டு வருஷம் கழித்து வரும் நிலுவையால் கட்ட இயலுமா?

இத்தகைய நிலையிலுள்ள சகோதரிகள் வீட்டில் இருந்தால், அன்பர்கள் இரண்டைக் கவனிக்கவேண்டும். வருமானம் எவ்வளவாயினும் பெண்களுக்கு இலவச வக்கீல் உதவி பெற 1987-ஆம் வருஷச் சட்டம் உரிமை தருகிறது. பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய எதிர்த்தரப்புக்கு இரண்டு அவகாசங்களுக்கு மேல் தரலாகாது என்பதும் அதே 2020 தீர்ப்பில் உள்ளது. மூன்றாவது வாய்தா கேட்கப்படும்போது வக்கீல் அதை எடுத்துச் சொல்லட்டும்.